ஜன்னல் சீட்டுப் பாட்டு

பல் பிடுங்குவது போலப் பாட்டைப் பிடுங்கும் வைத்தியம் வந்து சில வருடங்கள் ஆகியிருந்த காலம். பத்திரிகைகள் அதற்கு வாயில் நுழையாத பெயர் ஒன்றை வைத்திருந்தன. ஊரில் யாரும் அந்தப் பெயரைச் சொல்லவில்லை. 'பாட்டு எடுக்கப் போறேன்' என்றார்கள், அவ்வளவுதான். ஓயாமல் பாடும் கடுகளவு கருவியை ஆளாளுக்குக் காதுக்குள் செருகிக்கொண்டு திரிந்ததன் பலன் இது. மண்டைக்குள் ஒட்டிக்கொண்ட பாட்டு போகமாட்டேன் என்று அடம் பிடித்தது. தூக்கம் போனவர்கள் உண்டு. வேலை போனவர்கள் உண்டு. வியாதியைக் கொடுத்தவர்களே மருந்தையும் கொண்டுவந்து விற்றார்கள்.

கென்னடி அதை வாய்விட்டுக் கேலி செய்தவன். தன் மனைவியே ஒருநாள் அங்கே போய் நம்பர் வாங்கிக்கொண்டு உட்காருவாள் என்று அவன் நினைத்திருக்கவில்லை. அதுவும் அவளே எழுதி, அவளே மெட்டுப் போட்டு, அவளே பாடி, தமிழ் தெரிந்த அத்தனை வீட்டிலும் புகுந்துவிட்ட பாட்டை எடுக்கச் சொல்லி.

டெல்பின் மச்சாது என்றால் சிலருக்குத் தெரியாமல் இருக்கலாம். 'ஜன்னல் சீட்டு' பாடினவள் என்றால் தெரியாதவர் கிடையாது.

தூத்துக்குடியில் ஷாகுலின் வாப்பாவுக்குச் சொந்தமான பழைய உப்புக் கிடங்கில்தான் 'கடைசி பஸ்' குழு பிறந்தது. டெல்பின் பாட்டும் கிட்டாரும். ஷாகுல் இன்னொரு கிட்டார். கென்னடி பேஸ். டெல்பினின் தம்பி ராயன் டிரம்ஸ். பிராக்டிஸ் முடித்துக் கடைசி பஸ்ஸைப் பிடிக்க ஓடுவார்கள், அதனால் அந்தப் பெயர். நாலு பேருமே அப்போது கல்லூரிப் பிள்ளைகள். டெல்பின் மற்ற மூவரையும் 'என்னல', 'வால' என்று 'ல' போட்டுத்தான் கூப்பிடுவாள். பின்னால் கென்னடியைக் கட்டிக்கொண்ட பிறகும் அந்த 'ல' போகவில்லை. மாமியார் முகம் சுளித்துப் பார்த்தாள், பிறகு அவளும் விட்டுவிட்டாள்.

அவர்களுடைய முதல் சொந்தப் பாட்டு அரங்கேறிய கதையைச் சொன்னால் இப்போதும் ஷாகுல் தலையில் அடித்துக்கொள்வான். கல்லூரி விழா. டெல்பின் கண்ணை மூடிக்கொண்டு உருகி உருகிப் பாடுகிறாள். இரண்டாவது வரியிலேயே முன்வரிசையில் இருந்த சிஸ்டர்மார் அத்தனை பேரும் எழுந்து, கைகுவித்து, கூடவே பாட ஆரம்பித்துவிட்டார்கள். ஞாயிற்றுக்கிழமைப் பூசையில் காணிக்கை எடுக்கும்போது பாடும் பாட்டு அது. சின்ன வயதிலிருந்து கேட்டுக் கேட்டு ஊறிப்போன மெட்டைத் தன் சொந்தச் சரக்கு என்று நினைத்துக்கொண்டு போட்டிருந்தாள் டெல்பின். மானம் கப்பலேறிற்று.

அன்று மாலை கிடங்கில் வைத்து ராயன் ஒரு விதி போட்டான். டிரம்ஸ் குச்சியை உயர்த்திப் பிடித்துக்கொண்டு, ஏதோ சட்டசபையில் மசோதா கொண்டுவருகிறவன் மாதிரி சொன்னான்.

"இனிமே புதுப் பாட்டு யார் கொண்டுவந்தாலும் சரி. வேற பாட்டோட சாயல் அடிச்சா, அடிச்சவொடனே கை தூக்கணும். அக்கா தங்கச்சின்னுலாம் பாக்கப்படாது. பொய் சொல்லப்படாது. கை தூக்கிட்டா அந்தப் பாட்டு செத்துச்சு. பேச்சே கிடையாது."

அதிகம் தூக்கியது அவன் கைதான். அக்காவின் பாட்டு எத்தனையோ அந்தக் குச்சிக்குப் பலியாயிற்று. டெல்பின் கோபத்தில் அவனைத் துரத்தித் துரத்தி அடித்திருக்கிறாள். ஆனால் தப்பிப் பிழைத்த பாட்டுகள் எல்லாம் அசலாக இருந்தன. குழுவுக்குப் பெயர் வந்ததும் அதனால்தான்.

மதுரைக்குக் கச்சேரிக்குப் போகிற வழியில், எட்டயபுரம் தாண்டி, ஒரு டிப்பர் லாரி அவர்கள் வேனை ஒரு பக்கமாக உரசிக்கொண்டு போனது. அக்காவும் தம்பியும் எந்த வண்டியில் ஏறினாலும் ஜன்னல் சீட்டுக்குச் சண்டை போடுவார்கள், பெரும்பாலும் அக்காதான் ஜெயிப்பாள். அன்று பார்த்து ராயன் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தான். ஷாகுலும் கென்னடியும் முன்னால் டிரைவர் பக்கத்தில் இருந்தார்கள். பயல் ஒருநாள் அக்காவை ஜெயித்தான், அன்றைக்குப் பார்த்து இப்படியா என்று ஊரே சொல்லிச் சொல்லி அழுதது. டெல்பின் அதற்கு ஒன்றும் சொல்லவில்லை.

சில மாதங்கள் கழித்து அவள் கிடங்குக்கு வந்து உட்கார்ந்து ஒரு பாட்டுப் பாடினாள்.

*ஜன்னல் சீட்டு உனக்குத்தான்,*
*காற்றைக் கொஞ்சம் எனக்குத் தா.*

ஒரு கையும் உயரவில்லை. உயர்த்தக்கூடிய கை மண்ணுக்குள் போயிருந்தது. மற்ற இரண்டு பேரும் அழுதுகொண்டிருந்தார்கள்.

பாட்டு வெளிவந்ததும் நடந்ததுதான் விந்தை. அதைக் காதல் பாட்டு என்று ஜனங்கள் முடிவு கட்டிவிட்டார்கள். கல்யாண மண்டபங்களில் மாப்பிள்ளையும் பெண்ணும் அதற்கு ஆடினார்கள். பஸ் கம்பெனிக்காரன் விளம்பரத்துக்குக் கேட்டான். இது செத்துப்போன தம்பிக்கு எழுதியது என்று டெல்பின் எந்தப் பேட்டியிலும் சொல்லவில்லை, மற்றவர்களையும் சொல்லவிடவில்லை. மேடை தவறாமல் கடைசிப் பாட்டாக அதைப் பாடினாள். பாடி முடித்ததும் பின்னால் திரும்பி, யாரும் உட்காராத ராயனின் டிரம்ஸை ஒரு பார்வை பார்ப்பாள். வேறு டிரம்மரை அவர்கள் சேர்க்கவில்லை. ராயன் முன்பு அடித்துப் பதிவு செய்திருந்த தாளங்களை ஒரு மிஷின் வாசித்தது, கென்னடி பொத்தானை அழுத்துவான்.

அதற்குப் பிறகு டெல்பினால் வேறு பாட்டு எழுத முடியவில்லை. முயற்சி செய்யாமல் இல்லை. ஆனால் எந்த மெட்டை எடுத்தாலும் நாலாவது வரிக்குள் அது ஜன்னல் சீட்டுப் பக்கம் சாய்ந்துவிடும். ஷாகுலுக்குப் பாம்புச் செவி. முகத்தைத் தரையில் வைத்துக்கொண்டு கையை மட்டும் மெதுவாகத் தூக்குவான். டெல்பின் கிட்டாரைக் கீழே வைப்பாள். பதினெட்டு வருடம் இப்படியே போயிற்று. ஒற்றைப் பாட்டுப் பாடகி என்று பத்திரிகையில் எழுதினார்கள். பெரிய மேடைகள் சின்ன மேடைகளாயின, சின்ன மேடைகள் கல்யாண வீடுகளாயின.

"அந்தப் பாட்டு உள்ள இருக்கிற வரைக்கும் எனக்கு வேற பாட்டு வராதுல," என்றாள் ஒருநாள் காலை, தோசைக் கரண்டியைக் கையில் பிடித்துக்கொண்டு. "எடுத்துறப் போறேன்."

கென்னடி சொல்லிப் பார்த்தான், கெஞ்சிப் பார்த்தான். ஷாகுல் வந்து மல்லுக்கு நின்றான். அவள் பிடித்த பிடியில் நின்றாள்.

பாளையங்கோட்டைக் கிளினிக்கில் கூட்டமான கூட்டம். பக்கத்து நாற்காலியில் இருந்த பையன் டெல்பினை அடையாளம் கண்டு, எழுந்து நின்று, ஏதோ திருடி மாட்டிக்கொண்டவன் போல நெளிந்தான்.

"அக்கா, தப்பா நினைச்சுக்காதீங்க. உங்க பாட்டத்தான் எடுக்க வந்திருக்கேன். எனக்கும் அவளுக்கும் அதுதான் பாட்டு. இப்ப அவளுக்கு வேற இடத்துல கல்யாணம் ஆயிட்டு. எங்க போனாலும் அது கேக்கு, தாங்க முடியல."

"உக்காருப்பா," என்றாள் டெல்பின். "நானும் அதைத்தான் எடுக்க வந்திருக்கேன்."

அவன் சிரிப்பதா வேண்டாமா என்று தெரியாமல் கென்னடியைப் பார்த்தான். கென்னடி ஜன்னலைப் பார்த்துக்கொண்டான்.

டாக்டர் சங்கரவடிவு பொறுமையான மனுஷி. வருகிறவர்கள் எல்லோருக்கும் சொல்வதை இவர்களுக்கும் சொன்னாள்.

"பாட்டை மட்டும்தான் எடுப்போம். மெட்டு, வரி, ரெண்டும் போயிரும். அப்படி ஒரு பாட்டு பாடினீங்கங்கிறது தெரியும். தம்பியும் ஞாபகம் இருப்பாரு, அந்த விபத்தும் ஞாபகம் இருக்கும். அதையெல்லாம் நாங்க தொடுறதில்ல."

"பின்னால எங்கயாவது அந்தப் பாட்டு காதுல விழுந்தா?" என்று கேட்டான் கென்னடி.

"கேக்கும். நல்லா இருக்கேன்னுகூடத் தோணும். ஆனா தங்காது. காது வழியா அது உள்ள வர்ற வாசலை அடைச்சிருவோம். இன்னொரு பாட்டு அதே மாதிரி இருந்தாலும் அவங்களால ஒப்பிட்டுப் பாக்க முடியாது."

"திரும்ப வேணும்னா?"

"எங்களுக்கு எடுக்கத்தான் சார் தெரியும். வைக்கத் தெரியாது."

டெல்பின் சிரித்தாள். "வைக்க வேண்டாம் டாக்டர். எடுங்க."

அடுத்த மாதமே நாகர்கோவிலில் ஒரு கல்லூரியில் கச்சேரி. கடைசிப் பாட்டு முடிந்தும் பிள்ளைகள் கலையவில்லை. ஜன்னல் சீட்டு, ஜன்னல் சீட்டு என்று கத்தினார்கள். பாடமாட்டார்கள் என்று தெரிந்ததும் அவர்களே பாட ஆரம்பித்துவிட்டார்கள். இரண்டாயிரம் பேர் ஒரே குரலில் பாட, மேடை நடுவில் டெல்பின் மரியாதையாகச் சிரித்துக்கொண்டு நின்றாள், வேற்று நாட்டுத் தேசிய கீதத்துக்கு எழுந்து நிற்கிற விருந்தாளி மாதிரி. ஷாகுல் தாங்கமாட்டாமல் மேடையைவிட்டு இறங்கிப் போய்விட்டான்.

திரும்பும்போது வேனில் அவள் கேட்டாள், "அதுதானால அது? கேக்க நல்லாத்தான இருந்துச்சு. இதுக்கா நான் அந்தப் பாடு பட்டேன்?"

கொஞ்ச தூரம் போனதும், "எப்படில ஆரம்பிக்கும் அது?" என்றாள். அதற்குள் அது மறந்து போயிருந்தது.

புதுப் பாட்டும் வரவில்லை. வந்தது வேறு. பஸ்ஸில் இடம் காலியாக இருந்தாலும் டெல்பின் உட்காராமல் நின்றுகொண்டே வந்தாள். ராயனின் வருஷப் பூசையில் பாதியில் எழுந்து வெளியே போய் கொடிமரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றாள். சோற்றைப் பிசைந்து வைத்துவிட்டு அப்படியே உட்கார்ந்திருப்பாள். ஏன் டெல்பி என்றால், ஒன்றுமில்லை என்பாள். அந்தப் பாட்டுதான் அவளைப் பிடித்து ஆட்டுகிறது என்று எல்லோரும் நினைத்திருந்தார்கள். அவள் அழுவதற்கென்று இருந்த ஒரே இடம் அதுதான் என்று யாருக்கும் தோன்றவில்லை. கட்டிய புருஷனுக்கே தோன்றவில்லை. கென்னடி தன்னைத் தானே திட்டிக்கொண்டான்.

கிட்டாரைத் துடைக்கும்போது ஒருநாள் அவள் கேட்டாள், "என்னல இது, கழுத்துல அங்கங்க குழிஞ்சு போயி கிடக்கு?" ஒரே பாட்டை வருடக்கணக்காக வாசித்து, விரல் பட்டுப் பட்டு மரம் தேய்ந்த இடங்கள் அவை.

"பழைய கிட்டார்னா தேயத்தான செய்யும்," என்றான் கென்னடி.

மழைக்காலம் முடிந்த பிறகுதான் அந்த முணுமுணுப்பு ஆரம்பித்தது. அடுப்படியில் ஊளி மீன் செதில் எடுத்துக்கொண்டிருந்தவள் வாய்க்குள் ஏதோ இழுத்தாள். நாலே நாலு சுரம். கூடத்தில் பேப்பர் படித்துக்கொண்டிருந்த கென்னடி மகிழ்ந்து போனான். இத்தனை நாளைக்குப் பிறகு இவள் வாயில் ஒரு சத்தமாவது வந்ததே என்றிருந்தது. மறுநாள் துணி காயப்போடும்போது நாலு சுரம் எட்டாயிற்று. அவள் முகமே மாறிவிட்டது. "வருதுல, புதுசா ஒண்ணு வருது. கேக்காத, முழுசா வரட்டும்," என்று சின்னப் பிள்ளை போலக் கதவைச் சாத்திக்கொண்டாள். பவுடர் பூசினாள். சோறு நன்றாகச் சாப்பிட்டாள்.

ஒரு வாரம் கழித்து, சாத்திய கதவுக்கு அந்தப் பக்கமிருந்து முதல் இரண்டு வரி முழுதாகக் கேட்டது. கென்னடி கையிலிருந்த டீயைத் தரையில் வைத்தான்.

அதே மெட்டு. வெறும் சாயல் இல்லை, அச்சு அசல் அதே மெட்டு.

அவளிடம் சொல்லாமல் பாளையங்கோட்டைக்குப் போனான்.

"எடுத்த பாட்டு திரும்ப வருமா டாக்டர்?"

சங்கரவடிவு கண்ணாடியைக் கழற்றினாள். "எடுத்தது வராதுங்க. ஆனா முதல்ல அது எங்கேருந்து வந்துச்சோ, அந்த இடத்தை நாங்க தொடலியே. காது வாசலைத்தான் அடைச்சோம். உள்ளேருந்து வர்றதுக்கு வாசல் ஏது?"

"அவ புதுப் பாட்டுன்னு நினைச்சுக்கிட்டிருக்கா."

"அவங்களுக்கு அது புதுசுதான்."

"நான் சொன்னா?"

"ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் போட்டுக் காட்டினாலும் அவங்க காதுக்குப் புரியாது. நீங்க சொல்றீங்கன்னு நம்புவாங்க. நம்பினா விட்டுருவாங்க." டாக்டர் கொஞ்சம் தயங்கினாள். "வேணும்னா இதையும் எடுக்கலாம். பின்னால இதுவே மறுபடியும் வரும்."

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கிடங்கில் கூடுவதாக டெல்பினே ஷாகுலுக்குச் சொல்லிவிட்டாள். கென்னடி முன்கூட்டியே போய் ஷாகுலிடம் எல்லாவற்றையும் சொன்னான். ஷாகுல் தாடியை உருவிக்கொண்டே கேட்டான்.

"அப்ப கை தூக்கணும்ல மக்கா," என்றான் கடைசியில்.

"தூக்கினா அவ பழையபடி ஆயிருவா. சோறு தண்ணி இறங்காது. இந்த ஒரு வாரமாத்தான் மனுஷியா இருக்கா."

"அது ராயன் போட்ட விதில. அவன் அக்காவுக்கே அவன் விட்டுக் கொடுத்ததில்ல. அவனுக்காக எழுதின பாட்டுக்கே நாம பொய் சொல்லவா?"

"சொல்லுவோம்," என்றான் கென்னடி. "ஒரு தடவ சொல்லுவோம். பாவம் எனக்கு வரட்டும்."

டெல்பின் நல்ல சேலை கட்டிக்கொண்டு வந்திருந்தாள். ராயனின் டிரம்ஸுக்கு எதிரே முக்காலியைப் போட்டு உட்கார்ந்தாள். கிட்டாரைச் சுருதி சேர்க்கும்போது, "மிஷின் வேண்டாம் கென்னடி, முதல் தடவ சும்மா கேளுங்க," என்றாள். பாட ஆரம்பித்தாள்.

அதே மெட்டுதான். ஷாகுல் உதட்டைக் கடித்துக்கொண்டு தரையைப் பார்த்தான். பதினெட்டு வருடப் பழக்கம், அவனுடைய வலது கை தானாகவே மடியிலிருந்து கிளம்பியது. பாதி உயர்ந்த கையால் தொப்பியைச் சரிசெய்துகொண்டு கீழே இறக்கிவிட்டான். கென்னடி இரண்டு கையையும் தொடைக்கு அடியில் வைத்து அதன்மேல் உட்கார்ந்திருந்தான்.

பிறகுதான் அவனுக்கு வரிகள் காதில் விழுந்தன.

*வெயிலடிச்ச பக்கம் உன்னைத் தள்ளிவிட்டேன்,*
*நிழலிருந்த பக்கம் நானே எடுத்துக்கிட்டேன்.*
*வேண்டாம்னு சொன்னவனை வம்பு பண்ணி*
*ஜன்னலோரம் உட்கார வச்சது நான்தானே.*

கென்னடி நிமிர்ந்து பார்த்தான். ஷாகுலும் பார்த்தான். சண்டை போட்டு ஜெயித்து அந்த இடத்தில் உட்கார்ந்தான் என்றுதான் இத்தனை காலமும் ஊரே நம்பியிருந்தது. அவர்களும் நம்பியிருந்தார்கள். வெயில் பொறுக்காமல் அவனை அங்கே தள்ளியவள் இவள். இதை வைத்துக்கொண்டு இவ்வளவு வருடம் மேடைமேல் நின்றிருக்கிறாள். பாத்திரம் கழுவியிருக்கிறாள், சிரித்திருக்கிறாள், கென்னடியின் பக்கத்தில் படுத்துத் தூங்கியிருக்கிறாள்.

பாட்டு முடிந்தது. டெல்பின் கன்னத்தைத் துடைத்துக்கொண்டு இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"யாரும் தூக்கலியா?"

"இல்ல," என்றான் கென்னடி. "புதுப் பாட்டுதான் டெல்பி."

"ஷாகுல்?"

ஷாகுல் இல்லை என்று தலையை ஆட்டினான்.

அவள் கிட்டாரின் கழுத்தை ஒரு நிமிடம் பார்த்தாள். பிறகு தன் வலது கையை மெதுவாக உயர்த்தினாள். ராயன் குச்சியைப் பிடிப்பது போல உயரமாகப் பிடித்தாள்.

"பொய் சொல்லாதீங்கல," என்றாள். "காதுக்குத் தெரியல எனக்கு. ஆனா விரல வச்சா ஒவ்வொண்ணும் போயி இந்தக் குழியிலயே உக்காருது. மரம் பொய் சொல்லாதுல்ல. இதுதான அந்தப் பாட்டு?"

கென்னடி ஷாகுலைப் பார்த்தான். ஷாகுல்தான், "ஆமா டெல்பி," என்றான்.

தூக்கிய கையை அவள் இறக்கவில்லை. கைதூக்கிவிட்டால் பாட்டு செத்தது, பேச்சே கிடையாது. மூன்று பேருக்கும் அது தெரியும். வெளியே உப்பு லாரி ஒன்று பின்பக்கமாக வந்து நிற்கும் சத்தம் கேட்டது.

"அந்தப் பாட்டுல வெயிலப் பத்தி சொல்லிருக்கேனால?" என்று கேட்டாள்.

"இல்ல," என்றான் கென்னடி.

"நான்தான் அவன அங்க உக்கார வச்சேன்னு?"

"இல்ல டெல்பி. ஒரு வரிகூட இல்ல."

"இத்தன வருஷம் பாடியும் சொல்லலியா?"

"எங்களுக்கே இப்பத்தான் தெரியும்."

அவள் ராயனின் டிரம்ஸைப் பார்த்தாள். அவனிடம் அனுமதி கேட்பது போல வெகுநேரம் பார்த்தாள். பிறகு கையைக் கீழே இறக்கிக் கிட்டார்மேல் வைத்தாள்.

"அப்ப இது வேற பாட்டுதான்," என்றாள். "எடுங்கல, முதல்லேருந்து."

ஷாகுல் கிட்டாரை எடுத்தான். கென்னடியின் விரல் பழக்கதோஷத்தில் மிஷின் பொத்தானுக்குப் போய், அதைத் தொடாமல் திரும்பி வந்தது. ராயன் அடிக்க வேண்டிய இடங்களில் எல்லாம் சத்தமில்லாமல், அந்தப் பாட்டு முதலிலிருந்து போகத் தொடங்கியது.